குறும்படத்திலும் ஆவணப்படத்திலும் நடிக்கும் தம்பிக்கு இது தொழிலாகுமா?

திருகோணமலை உப்புவெளியில் இருந்து ஒரு சகோதரி கேட்டிருக்கிறார். அவருடைய தம்பிக்கு 23 வயது. உயர்தரத்தில் நாடகமும் அரங்கியலும் படித்தவர். மூன்று வருடத்தில் ஆறு குறும்படங்களில் நடித்திருக்கிறார். சுனாமியைப் பற்றிய ஓர் ஆவணப்படத்தில், கடல் கொண்டுபோன ஓர் இளைஞனாகவும் நடித்திருக்கிறார். சாப்பாடும் பஸ் காசும் தவிர இதுவரை கையில் எதுவும் வரவில்லை. அப்பா வேலைக்குப் போகச் சொல்கிறார், தம்பி சென்னைக்குப் போகிறேன் என்கிறார், நடுவில் நிற்கும் அக்கா "இதில் எதிர்காலம் இருக்கிறதா?" என்று கேட்கிறார். இந்தக் கேள்விக்குள் இரண்டு கேள்விகள் கிடக்கின்றன. தம்பியிடம் திறமை இருக்கிறதா என்பது ஒன்று. அவர் நடித்த ஒரு காட்சியைக்கூடப் பார்க்காமல் அதற்குப் பதில் சொல்பவரை நம்பாதீர்கள், நானும் சொல்லப்போவதில்லை. இந்த மூன்று வருட உழைப்பு எங்கேயாவது சேர்ந்துகொண்டு இருக்கிறதா, அல்லது உப்பைப் போலக் கரைந்துபோகிறதா என்பது மற்றது. அதைப் பற்றி என்னால் கொஞ்சம் சொல்ல முடியும்.

நான் திருகோணமலையில், எங்கள் பேச்சில் திருமலையில், பத்தொன்பது வருடமாக ஒலிப்பதிவு செய்கிறவன். கல்யாண வீடியோவில் தொடங்கி, தொண்டு நிறுவனங்களின் விழிப்புணர்வுப் படங்கள், பையன்களின் குறும்படங்கள், வெளிநாட்டில் இருந்து வரும் ஆவணப்படக் குழுக்கள் என்று எல்லாவற்றுக்கும் மைக் பிடித்திருக்கிறேன். நடிகர்களை நான் கண்ணால் பார்த்ததைவிட ஹெட்ஃபோனில் கேட்டதே அதிகம். ஆகவே என் அபிப்பிராயம் காதுப் பக்கமாகச் சற்றுச் சாய்ந்துதான் இருக்கும்; ஓர் இயக்குநரிடம் கேட்டால் அவர் வேறு விதமாகச் சொல்லக்கூடும்.

முதலில் நிச்சயமானதைச் சொல்லிவிடுகிறேன். இலங்கையில் தமிழ்ப் படங்களில் மட்டும் நடித்துக் குடும்பம் நடத்தும் அளவுக்கு ஒரு தொழில் இங்கே இல்லை. அது உங்கள் தம்பியின் குறை அல்ல, அதற்கு ஒரு வரலாறு இருக்கிறது. இந்த நாட்டின் முதல் தமிழ்ப் படமான சமுதாயம் 1962இல், அதுவும் 16 மில்லிமீற்றர் என்ற சிறு படச்சுருளில் எடுக்கப்பட்டது. அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் 1972இல் இயங்கத் தொடங்கிய பின் எழுபதுகளில் வரிசையாகச் சில படங்கள் வந்தன. ஆனால் தமிழ்நாட்டுப் படங்களோடு ஒரே திரையரங்கில் போட்டி போடவேண்டிய நிலை அவற்றுக்கு எப்போதும் இருந்தது. 1983 ஆடி வன்செயலில் கொழும்புக்கு அருகே ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்டூடியோ எரிந்தது. அதன் பிறகு 2009 வரை யுத்தம். ஒரு தலைமுறை கற்றுக்கொண்டதை அடுத்த தலைமுறைக்குக் கையளிக்கும் தொடர்ச்சி அறுந்துபோனது. இப்போது யாழ்ப்பாணத்தில் ஒரு வட்டம், மட்டக்களப்பில் ஒரு வட்டம், திருமலையில் நான்கைந்து பேர், மலையகத்தில் இன்னும் சிலர் என்று தனித்தனித் தீவுகளாக வேலை நடக்கிறது. ஒவ்வொன்றிலும் சொந்தக் காசில், கடன் வாங்கிய கமெராவில் படம் எடுக்கிறார்கள். இதை அப்பாவுக்கு மறைக்காமல் சொல்லிவிடுங்கள்; சம்பளம் வரும் என்று நம்பவைத்துவிட்டு வருடா வருடம் ஏமாற்றுவதைவிட அது நல்லது.

அப்படியானால் ஆறு படம் நடித்து என்ன கண்டார் என்று அப்பா கேட்பார். கேட்கவேண்டிய கேள்விதான். என் அனுபவத்தில், தொடக்க காலத்தில் ஒரு நடிகர் சம்பாதிக்கக்கூடியவை மிகச் சில, அவற்றில் முதலாவது அவர் முகமும் குரலும் பதிவான ஒரு நல்ல பிரதி. இதை இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. மூதூர்ப் பக்கம் ஓர் இளைஞர், பத்து வருடத்துக்கு முன், ஒரு குறும்படத்தில் தந்தையைப் புதைத்துவிட்டு வந்து தனியாகச் சோறு தின்னும் காட்சி ஒன்றில் நடித்தார். குழம்பை ஊற்றிவிட்டுப் பிசைய மறந்து, வெள்ளைச் சோற்றை மட்டும் ஓரத்தில் இருந்து எடுத்துத் தின்றுகொண்டிருந்தார். யாரும் அப்படிச் செய்யச் சொல்லவில்லை. மைக் பிடித்திருந்த எனக்குக் கை நடுங்கியது. அந்தப் படம் எடிட்டிங் முடியும் முன்பே இயக்குநர் வெளிநாடு போய்விட்டார், ஹார்ட் டிஸ்க் பழுதாகிப்போனது. இன்று அந்த இளைஞரிடம் இருப்பது, படப்பிடிப்பில் யாரோ ஃபோனில் எடுத்த ஒரு படம் மட்டும். அதில் அவர் பிளேன்ரீ குடித்துக்கொண்டு நிற்கிறார். அவர் நல்ல நடிகர் என்பதற்கு இனி என் வாய்ச்சாட்சிதான் மிச்சம்.

எனவே எந்தப் படத்துக்கும் ஒப்புக்கொள்ளும் முன்பே, படம் வெளிவந்தாலும் வராவிட்டாலும் தான் நடித்த இரண்டு காட்சிகளின் பிரதி தனக்கு வேண்டும் என்று தம்பி கேட்கவேண்டும். நல்ல இயக்குநர் அதற்குக் கோபிக்கமாட்டார். அந்தத் துண்டுகளில் இருந்துதான் இரண்டு நிமிட அறிமுக வீடியோ ஒன்றைச் செய்யமுடியும். நடிகர் தேடுபவர்கள் அதைத்தான் பார்க்கிறார்கள், அதையும் பெரும்பாலும் முழுதாகப் பார்ப்பதில்லை. தொடக்கத்திலேயே முகம் தெரியவேண்டும், பேச்சு கேட்கவேண்டும். மெதுவாக நடந்துவரும் ஷொட்டும் அதற்கு மேல் ஓடும் இசையும் கமெராக்காரரின் திறமையைக் காட்டுமே தவிர நடிகருடையதை அல்ல.

நாடகமும் அரங்கியலும் படித்தவர் என்று எழுதியிருக்கிறீர்கள். அது பலம், அதுவே முதல் இரண்டு படங்களில் பாரமாகவும் இருந்திருக்கும். மண்டபத்தின் கடைசி வரிசைக்குக் கேட்கவேண்டும் என்று பழகிய குரல், நெஞ்சில் இருந்து ஒரு சாண் தூரத்தில் மைக் இருக்கும்போது முட்டிக்கொண்டு நிற்கும். சட்டைக்குள் ஒட்டிய காலர் மைக்கில் எச்சில் விழுங்குவது கேட்கும், வசனத்தை மறந்து தேடும்போது மூச்சு ஒரு கணம் நிற்பது கேட்கும். பல புது நடிகர்கள் வாக்கியத்தின் கடைசிச் சொல்லை விழுங்குகிறார்கள், தமிழில் வினைமுற்று கடைசியில் நிற்பதால் செய்தானா செய்யவில்லையா என்பதே கேட்பவருக்குத் தெரியாமல் போய்விடும். இந்தப் பழக்கத்தை மாற்ற வகுப்பு தேவையில்லை. ஃபோனில் பதிந்து, கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் போதும்.

ஒரு நாள் நடந்ததைச் சொல்கிறேன். திருக்கடலூரில் ஒரு வீட்டு விறாந்தையில், வள்ளத்தின் எஞ்சினை விற்றுவிட்டதாக மகன் தாயிடம் சொல்லும் காட்சி. நடித்தவர் மேடையில் பெயர் எடுத்தவர். முதல் மூன்று டேக்கும் மேடைப் பேச்சாகவே போனது, இயக்குநருக்குச் சலிப்பு வந்துவிட்டது. நான்காவது டேக்கில், அவர் வசனத்தைச் சொல்ல வாயெடுத்த நேரம் வெளியே கடலில் ஒரு வள்ளம் எஞ்சினைப் போட்டுக்கொண்டு கிளம்பியது. ஒலிப்பதிவாளன் என்ற முறையில் நான் கையைத் தூக்கி நிறுத்தியிருக்கவேண்டும். அவர் அந்தச் சத்தத்தின் பக்கம் தலையைத் திருப்பினார், அது தேய்ந்து மறையும் வரை கேட்டுக்கொண்டே இருந்தார், பிறகு தாயைப் பார்க்காமலே "குடுத்திட்டன்" என்றார். அவ்வளவுதான். எழுதியிருந்த நான்கு வரி வசனத்தில் மூன்றை அவர் சொல்லவே இல்லை, யாரும் கேட்கவும் இல்லை. தொழில் முறைப்படி பார்த்தால் அது கெட்டுப்போன ஒலிப்பதிவு. படத்தில் இருப்பது அந்த டேக்தான்.

பேச்சைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்லவேண்டும், ஏனென்றால் திருமலையில் பிறந்த ஒரு நடிகருக்கு இலவசமாகக் கிடைத்த சொத்து இது. திருமலைச் சந்தையில் அரை மணித்தியாலம் நின்றால் கிண்ணியா முஸ்லிம்களின் தமிழ், யாழ்ப்பாணத்தில் இருந்து வந்து குடியேறிய குடும்பங்களின் தமிழ், வெருகல் பக்கத்துத் தமிழ், சிங்களக் கடைக்காரர் பேசும் தமிழ் என்று நாலும் காதில் விழும். அப்படியிருந்தும் இங்கே எடுக்கும் குறும்படங்களில் பாதிக்கு மேல், காதலன் வாயைத் திறந்தவுடன் கோடம்பாக்கத்துத் தமிழ் வருகிறது. 2020இல் வந்த ஃபனி போய் என்ற கனடாப் படத்தில் ஈழத்தமிழ்ப் பாத்திரங்களின் தமிழ் உச்சரிப்பு சரியில்லை என்று உலகெங்கும் இருந்த தமிழர்கள் கண்டித்தார்கள். அந்தக் கண்டனத்துக்குப் பிறகு, நம் பேச்சு தெரிந்த நடிகர்தான் வேண்டும் என்று கேட்டு வரும் வெளிநாட்டுக் குழுக்களை நானே சந்தித்திருக்கிறேன். தம்பி இரண்டு வட்டாரப் பேச்சுகளைப் பிசகில்லாமல் பேசக் கற்றுக்கொண்டால், அது அவருடைய அறிமுக வீடியோவில் எந்த விருதையும்விடப் பெரிதாகத் தெரியும். நையாண்டிக்காகப் பேசுவதைச் சொல்லவில்லை. அந்தப் பேச்சில் ஒருவர் கோபப்படும்போதும் கடன் கேட்கும்போதும் எப்படிப் பேசுவார் என்பதைக் கேட்டுப் பழகவேண்டும்.

சிங்களமும் அப்படியே. நடிகர் தர்ஷன் தர்மராஜ் தமிழர். அவரைப் பெரும்பாலானோர் அறிந்தது சிங்களத் திரையிலும் தொலைக்காட்சியிலும்தான். 2012இல் அசோக ஹந்தகம எடுத்த இனி அவன் என்ற தமிழ்ப் படத்தில் அவர்தான் நாயகன், அந்தப் படம் அதே வருடம் பிரான்சின் கான் திரைப்பட விழாவை ஒட்டி, சுயாதீனப் படங்களுக்கான ஏசிட் பிரிவில் திரையிடப்பட்டது. 2022 ஒக்டோபரில் அவர் காலமானபோது இரண்டு மொழிக்காரர்களும் அழுதார்கள். இரு மொழியிலும் உணர்ச்சியோடு பேசத்தெரிந்த நடிகருக்கு இந்த நாட்டில் வேலை வாய்ப்பு இரட்டிப்பாகும் என்று நான் சொல்வது கணக்குப் பார்த்து அல்ல, வந்த அழைப்புகளைப் பார்த்து.

இனி ஆவணப்படம். தம்பி நடித்ததிலேயே இதுதான் என்னைக் கவர்ந்தது, நீங்களோ அதை ஒரு வரியில் கடந்துவிட்டீர்கள். ஆவணப்படத்தில் நடிகருக்கு என்ன வேலை என்று பலர் கேட்கிறார்கள். தொடக்கத்தில் இருந்தே வேலை இருக்கிறது. 1922இல் வந்த, கனடாவின் இனுயிட் மக்களைப் பற்றிய நானூக் ஒஃப் த நோர்த் என்ற ஆவணப்படத்தில் நானூக் என்று நாம் பார்க்கும் வேட்டைக்காரரின் உண்மைப் பெயர் அல்லக்காரியல்லக். துப்பாக்கி பாவித்துப் பழகியவரை ஈட்டியோடு வேட்டையாட வைத்து எடுத்தார்கள். இலங்கையைப் பற்றி 1934இல் பசில் ரைட் எடுத்த சோங் ஒஃப் சிலோன் படத்துக்குக் குரல் கொடுத்தவர் நம் நாட்டுப் புகைப்படக் கலைஞர் லயனல் வென்ற். 1988இல் அமெரிக்காவில் எரல் மொறிஸ், ஒரு கொலைச் சம்பவத்தை நடிகர்களைக் கொண்டு திரும்பத் திரும்ப வேறு வேறு விதமாக நடித்துக் காட்டவைத்து ஓர் ஆவணப்படம் எடுத்தார். தவறாகத் தண்டிக்கப்பட்டுச் சிறையில் கிடந்தவர் அடுத்த வருடம் விடுதலையானார். ஆக, குரல் கொடுப்பதும் நடந்ததை மீள நடித்துக் காட்டுவதும் இரண்டாந்தர வேலை அல்ல. ஆனால் கதைப்படத்தில் இல்லாத ஒரு பொறுப்பு இதில் இருக்கிறது: நீங்கள் யாராக நடிக்கிறீர்களோ அவருக்குத் தாய் இருக்கிறாள், அவள் படத்தைப் பார்ப்பாள்.

2004 மார்கழி 26ஐப் பற்றி எடுத்த ஒரு படத்தில் நானும் வேலை செய்தேன், உங்கள் தம்பி நடித்தது அல்ல, அதற்கு முந்திய ஒன்று. இறந்த பையனாக நடித்தவர் கரையில் ஓடிவரவேண்டும். அந்தப் பையனின் தாய் வந்து தென்னையின் கீழே இருந்தார். இரண்டு முறை ஓடியபின் எழுந்து வந்து, நடிகரின் சட்டையின் மேல் பொத்தானைப் பூட்டிவிட்டார். "அவன் இப்படித்தான் போடுவான்" என்றார். அதற்குப் பிறகு அந்த நடிகர் ஓடிய விதமே மாறிவிட்டது. வேகம் குறைந்தது, கைவீச்சு குறைந்தது. பயத்தைக் காட்டவேண்டும் என்ற முயற்சியை விட்டுவிட்டார். ஆவணப்படத்தில் மீள நடிக்கும்போது எதையும் கூட்டாமல் இருப்பதுதான் மிகக் கடினமான வேலை. நம் நடிகர்களுக்கு அது எளிதில் வராது. கூத்திலும் சினிமாவிலும் கூட்டிச் செய்வதையே நாம் ரசித்து வளர்ந்திருக்கிறோம்.

தம்பி அந்தப் பாத்திரத்துக்கு முன் குடும்பத்தைச் சந்தித்தாரா என்று கேளுங்கள். சந்திக்காமல் செய்தார் என்றால், அடுத்த முறை அவர்கள் விரும்பினால் சந்திக்கவேண்டும், விரும்பாவிட்டால் வற்புறுத்தக்கூடாது. அது நடித்துக் காட்டப்பட்ட காட்சி என்பது படத்தில் எழுத்தில் தெரியவேண்டும் என்றும் இயக்குநரிடம் கேட்கலாம். யுத்தம், காணாமல் ஆக்கப்பட்டவர்கள், காணிப் பிரச்சினை போன்ற விடயங்களைப் பற்றிய படம் என்றால், பெயர்ப் பட்டியலில் தன் பெயர் வரவேண்டுமா வேண்டாமா என்பதைப் படப்பிடிப்புக்கு முதல் நாளே வீட்டில் பேசித் தீர்மானிப்பது நல்லது. பெயர் வெளியே போனபின் திருப்பி எடுக்க முடியாது. இதில் பயமுறுத்துவதும் வீரம் பேசுவதும் இரண்டும் தவறு. குடும்பத்தின் நிலைமை குடும்பத்துக்குத்தான் தெரியும்.

திரைப்பட விழாக்களைப் பற்றி உங்கள் கேள்வியில் ஒரு வரி இருந்தது: தம்பியின் படம் ஒன்றுக்கு "சர்வதேச விருது" கிடைத்ததாகவும், அதற்கு மதிப்பு இருக்கிறதா என்றும் கேட்டிருந்தீர்கள். விழாவின் பெயரைச் சொல்லவில்லை, ஆகவே பொதுவாகச் சொல்கிறேன். மாதாமாதம் இணையத்திலேயே நடக்கும், ஒரு மண்டபமோ ஒரு பார்வையாளரோ இல்லாத, கட்டணம் கட்டிய எல்லோருக்கும் விருதுச் சின்னமான இலைவளையம் போட்ட ஒரு சான்றிதழை அனுப்பிவைக்கும் விழாக்கள் ஏராளம் இருக்கின்றன. அந்த விருதைச் சுவரில் மாட்டலாம், தப்பில்லை, வாய்ப்பு வராது. 2015இல் இருந்து நடக்கும் யாழ்ப்பாணச் சர்வதேச சினிமா விழாவிலோ, 2008இல் இருந்து திருவனந்தபுரத்தில் நடக்கும் ஆவணப்பட, குறும்பட விழாவிலோ ஒரு படம் திரையிடப்பட்டால், விருதே இல்லாவிட்டாலும், மறுநாள் தேநீர்க் கடையில் பத்துப் படக்காரர்களோடு கதைக்கமுடியும். யூடியூபில் அவசரப்பட்டு ஏற்றிவிட்ட படத்தைப் பல விழாக்கள் எடுப்பதில்லை என்பதையும், கான் போட்டிக்குக் குறும்படம் 15 நிமிடத்துக்கு மேல் போகக்கூடாது என்பதையும் நம் இயக்குநர்கள் படம் முடிந்தபின்தான் தேடிப் படிக்கிறார்கள்.

விருதுக்கும் நடிகரின் வாழ்க்கைக்கும் உள்ள தொடர்பு நாம் நினைப்பது போல நேர்கோடாக இருப்பதில்லை. இத்தாலியில் 1948இல் சைக்கிள் திருடர்கள் படத்தில் தந்தையாக நடித்து உலகப்புகழ் பெற்ற லம்பேர்த்தோ மாஜொரானி ஒரு தொழிற்சாலைத் தொழிலாளி. படம் முடிந்து ஆலைக்குத் திரும்பியவரை ஆட்குறைப்பில் நிறுத்திவிட்டார்கள். அதன் பின் சின்னச் சின்ன வேடங்களே கிடைத்தன. 2015இல் கானில் உயரிய விருது பெற்ற தீபன் படத்தின் நாயகன், ஷோபாசக்தி என்ற பெயரில் எழுதும் அந்தோனிதாசன் யேசுதாசன், அதற்கு முன்னரே செங்கடல் என்ற சிறு சுயாதீனப் படத்தில் பங்கெடுத்திருந்தார். விருதுக்குப் பின்னும் அவர் எழுத்தை விடவில்லை, நடிப்பையும் தொடர்ந்தார். இருவருக்கும் இடையே உள்ள வித்தியாசத்தை நான் அதிர்ஷ்டம் என்று மட்டும் சொல்லமாட்டேன். ஒருவருக்குப் படத்துக்கு வெளியே நிற்க ஒரு நிலம் இருந்தது, மற்றவருக்கு இருந்த நிலமும் படத்தால் போனது.

சென்னை விடயத்தில் ஒன்று நிச்சயம்: சுற்றுலா வீசாவில் போய் அங்கே சம்பளத்துக்கு நடிக்க முடியாது, பிடிபட்டால் அடுத்த முறை வீசாவே சிக்கலாகும். எல்லோரும் விஜய் சேதுபதியின் பெயரைச் சொல்வார்கள். கூத்துப்பட்டறை என்ற சென்னை நாடகக் குழுவில் கணக்கு எழுதினார், குறும்படங்களில் நடித்தார், பிறகு பெரிய நடிகரானார் என்று. உண்மைதான். அந்தக் கதையில் பலர் கவனிக்காத ஒன்று இருக்கிறது. அவர் நடித்த குறும்படங்களை எடுத்த கார்த்திக் சுப்புராஜ், தன் முதல் பெரிய படத்தை 2012இல் எடுத்தபோது அவரையே நாயகனாக்கினார். பிரான்சில் பிறந்த ஈழத்தமிழ் நடிகர் லோறன்ஸ் வலன், தனக்கு ஏற்ற வேடம் வராததால் தானே எழுதி லிற்றில் ஜஃப்னா என்று ஒரு குறும்படம் எடுத்தார். பல வருடம் கழித்து அதே பெயரில் எடுத்த முழுநீளப் படம் 2024இல் வெனிஸ் திரைப்பட விழாவில் விமர்சகர் வாரம் என்ற பிரிவின் நிறைவுப் படமானது. குறும்படம் உங்களுக்குப் புகழைத் தருவதில்லை. கூட வளரக்கூடிய இரண்டு மூன்று பேரைத் தரும், தந்தால். ஆகவே தம்பியிடம் கேட்கவேண்டியது, அந்த ஆறு படங்களில் எந்த இயக்குநர் அவரை இரண்டாம் முறை கூப்பிட்டார், எந்த ஒளிப்பதிவாளரோடு மறுபடி வேலை செய்ய அவர் விரும்புகிறார் என்பதைத்தான். ஆறு படம், ஆறு குழு, ஒருவரும் திரும்ப அழைக்கவில்லை என்றால் அது கவலைக்குரியது. இரண்டு பேர் திரும்ப அழைத்திருந்தால், அவர்கள் திருமலையில் இருக்கும் வரை சென்னைக்கு அவசரம் இல்லை. முறையாகப் படிக்கவேண்டும் என்று ஆசை இருந்தால் மட்டக்களப்பு கல்லடியில் சுவாமி விபுலானந்தா அழகியற் கற்கைகள் நிறுவகம் இருக்கிறது, பஸ்ஸில் போய்வரும் தூரம். அங்கே கூத்தை உடம்பால் கற்ற ஒருவர் கமெரா முன் நிற்கும் நிலையே வேறு.

உள்ளூர் நடிகருக்கு என்றே ஒரு தனித் தொல்லை உண்டு, அதையும் சொல்லவேண்டும். கொழும்பில் இருந்தோ வெளிநாட்டில் இருந்தோ குழு வரும்போது, நடிக்கக் கூப்பிட்டவரே கொஞ்ச நாளில் வீடு தேடிக்கொடுப்பவராகவும், ஓட்டோ பிடிப்பவராகவும், சோற்றுப் பார்சல் வாங்கி வருபவராகவும் ஆகிவிடுவார். பிறட்ரிக் கோட்டைக்குள் இராணுவம் இருக்கிறது, தொல்லியல் திணைக்கள அனுமதியும் தேவைப்படும், கடற்படைப் பகுதியில் கமெராவைத் தூக்கவே முடியாது, ட்ரோனுக்குச் சிவில் விமானச் சேவைகள் அதிகாரசபையின் அனுமதி வேண்டும். இந்த அலைச்சல் முழுதும் உள்ளூர்ப் பையனின் தலையில் விழும். (கோட்டை மான்களுக்கு மட்டும் எந்த அனுமதியும் தேவையில்லை, என் எத்தனையோ டேக்குகளில் அவை இலவசமாக நடித்திருக்கின்றன.) இந்த வேலையைக் கற்றுக்கொள்வதில் தவறில்லை, அதில் காசும் இருக்கிறது, ஆனால் அதை நடிப்புக்குள் மறைத்து இலவசமாகச் செய்யக்கூடாது. தயாரிப்பு உதவி வேறு, நடிப்பு வேறு, இரண்டுக்கும் தனித்தனிக் கணக்கு என்று முதலிலேயே சொல்லிவிடலாம்.

சொன்னால் போதாது, எழுதவேண்டும். ஒரு பக்கத் தாள் போதும்: பாத்திரம் என்ன, எத்தனை நாள், சம்பளம் எவ்வளவு, இல்லையென்றால் இல்லை என்று, போக்குவரத்தும் சாப்பாடும் யார் பொறுப்பு, பிரதி எப்போது, இந்தக் காட்சிகளை வேறு எதற்கும் பாவிக்கலாமா, படம் விலைபோனால் நடிகருக்கு என்ன. நண்பர்களுக்குள் எதற்குத் தாள் என்று வெட்கப்படுவார்கள். எனக்குத் தெரிந்த ஒரு நடிகை வறட்சியைப் பற்றிய ஒரு குறும்படத்தில் வெறுங்குடத்தோடு நடந்தார். ஒரு வருடம் கழித்து அதே நடை, நிறத்தை மட்டும் பச்சையாக்கி, ஒரு காணி விற்பனை விளம்பரத்தில் வந்தது. இயக்குநர் நல்லவர், காசு முடை. நடிகைக்கு ஒரு சதமும் வரவில்லை, கேட்பதற்கு ஒரு தாளும் இருக்கவில்லை. கடலில் எடுக்கும் காட்சி என்றால் தாளில் இன்னொரு வரி வேண்டும். சித்திரை, வைகாசியில் இருந்து புரட்டாதி வரை நிலாவெளிக் கடல் குளம் போலக் கிடக்கும். ஐப்பசிக்குப் பிறகு வாடைக்காற்றில் அதே கடலில் மீனவர்களே இறங்க யோசிப்பார்கள். அந்தக் காலத்தில் அலைதான் அழகாக இருக்கிறது என்று சொல்லி நடிகரை இறக்குபவர்கள் இருக்கிறார்கள். உயிர்காப்பு அங்கியும், நீந்தத்தெரிந்த இருவரும், பக்கத்தில் ஒரு வள்ளமும் இல்லாமல் இறங்கமாட்டேன் என்று சொல்வது கோழைத்தனம் அல்ல.

அப்பாவுக்கும் தம்பிக்கும் நடுவில் நிற்கும் உங்களுக்கு ஒன்று சொல்லலாம். வேலைக்குப் போவதும் நடிப்பதும் எதிரெதிர் அல்ல, நான் மதிக்கும் இங்குள்ள நடிகர்கள் எல்லோரும் வேறு வேலை செய்கிறவர்கள். ஒருவர் பாடசாலையில் நாடகம் கற்பிக்கிறார், ஒருவர் உப்புவெளி ஹொட்டேல் ஒன்றில் சீசனுக்கு மட்டும் வேலை செய்துவிட்டு மழைக்காலத்தில் நடிக்கிறார், இன்னொருவர் விளம்பரங்களுக்குக் குரல் கொடுக்கிறார். கிழமையில் இரண்டு நாளையாவது கேட்டு வாங்கக்கூடிய வேலையாக இருந்தால் போதும். எத்தனை வருடம் பொறுப்பது என்று ஒரு தவணை சொல்லச் சொன்னால் என்னால் முடியாது. ஐந்தாம் வருடத்தில் கண்திறந்தவர்களையும் பத்தாம் வருடத்திலும் முதல் படத்தில் நடித்தது போலவே நடிப்பவர்களையும் பார்த்திருக்கிறேன்.

இரண்டாவது குறும்படத்தின் பிரதி இன்னும் கிடைக்கவில்லை என்று எழுதியிருந்தீர்கள். அந்த இயக்குநர் பாலையூற்றில்தான் இருக்கிறார் என்றும் சொல்கிறீர்கள். வட்ஸ்அப்பில் கேட்டுக்கொண்டிருக்காமல், தம்பியை ஒரு பென் டிரைவோடு இந்தக் கிழமையே நேரில் போகச் சொல்லுங்கள். நம் ஊர் உப்புக்காற்றில் எந்த ஹார்ட் டிஸ்க்கும் நெடுநாள் தங்குவதில்லை.